நாங்க செம கூல்

‘கூல்’ என்ற சொல்லைத் தெரியாத ஆள் இன்று தமிழில் இருக்க வாய்ப்பில்லை. வாட்ஸப்பில் ‘ஓகே, கூல்’ என்று பேச்சை முடிக்கிறோம். ‘டென்ஷன் ஆகாத, கூலா இரு’ என்கிறோம். ‘கடன வாங்கிட்டு எப்படி கூலா சுத்துறான் பாரு’ என்று திட்டவும் செய்கிறோம். முதலாவது சம்மதம், இரண்டாவது நிதானம், மூன்றாவது வெட்கங்கெட்டதனம். இந்த மூன்றாவதை நம்ம ஊர் ஆட்கள் செய்த திரிபு என்றுதான் நினைக்கத் தோன்றும். இல்லை. கூச்சப்படவேண்டிய இடத்தில் கூச்சமே இல்லாமல் நிற்பது என்ற பொருள் 19ஆம் நூற்றாண்டு ஆங்கிலத்திலேயே இருக்கிறது.

ஆக்ஸ்ஃபோர்டின் பெரிய அகராதி ஒரு சொல்லின் பொருள்களைக் கால வரிசையில் அடுக்கும். இந்தச் சொல்லுக்கு முதலில் வருவது மிதமான குளிர்ச்சி. அதற்குப் பக்கத்திலேயே, ஏறக்குறைய அதே பழமையோடு, கலங்காத மனம். ஷேக்ஸ்பியரிடம் அறிவு கூலானது, காதலர்களின் மூளை கொதிப்பது. 18ஆம் நூற்றாண்டில் பெரிய பணத்தொகைக்கு முன்னால் இந்தச் சொல்லைப் போட்டு அழுத்தம் கொடுத்தார்கள். ‘அருமை’, ‘ஸ்டைல்’ என்ற கொச்சைப் பொருள் வரிசையின் கடைசிப் பக்கம், 20ஆம் நூற்றாண்டில், அமெரிக்கக் கறுப்பின மக்களின் பேச்சிலிருந்து வருகிறது. அதைப் பரப்பிய பெருமையைப் பெரும்பாலும் ஜாஸ் கலைஞர் லெஸ்டர் யங்குக்குக் கொடுப்பார்கள். 1957இல் மைல்ஸ் டேவிஸின் இசைத்தட்டு ஒன்று ‘பர்த் ஆஃப் த கூல்’ என்ற பெயரில் வந்தபோது சொல் பொதுச்சொத்து ஆகிவிட்டது.

எனக்கு இந்த வரிசையில் ஒரு சங்கடம் உண்டு. எண் போட்டுப் பிரித்ததும், கொச்சைப் பொருள் ஏதோ தனியாக முளைத்ததுபோல ஆகிவிடுகிறது. உண்மையில் அது அந்தப் பழைய ‘கலங்காத மன’மேதான், வேறு ஊரில், வேறு நெருக்கடியில். வெள்ளைக்காரன் முன்னால் கோபத்தைக் காட்டினால் உயிரே போகலாம் என்றிருந்த நாட்டில், முகத்தில் எதையும் காட்டாமல் இருப்பது வெறும் ஸ்டைல் இல்லை. 1992இல் ரிச்சர்ட் மேஜர்ஸும் ஜேனட் மான்சினி பில்சனும் இதைப் பற்றி ‘கூல் போஸ்’ என்று ஒரு புத்தகமே எழுதினார்கள். அகராதி தருவது பொருளை. அந்தப் பொருளுக்குக் கொடுத்த விலை அதில் வராது.

விலையைக் காட்டுவது க்வெண்டலின் ப்ரூக்ஸின் ‘வி ரியல் கூல்’. 1959இல் ‘பொயட்ரி’ இதழில் வந்த கவிதை. மொத்தமே 24 சொற்கள், அத்தனையும் ஒரே அசையில் முடிபவை. பள்ளி நேரத்தில் பூல் ஆடிக்கொண்டிருக்கும் ஏழு பையன்கள் தங்களைப் பற்றித் தாங்களே சொல்கிறார்கள்: படிப்பை விட்டது, இரவில் திரிவது, குடி, கொண்டாட்டம். கடைசியில் மரணம். அதையும் அதே குரலில், அதே தாளத்தில். அப்பாவி வாசகர் இதை ஒழுக்க போதனை என்று எடுத்துக்கொள்ளலாம். பாடப்புத்தகங்கள் அப்படித்தான் செய்யும். எனக்கு அப்படித் தோன்றவில்லை. ‘நாங்க’ என்ற சொல்லை ப்ரூக்ஸ் ஒவ்வொரு வரியின் ஓரத்திலும் தொங்கவிடுகிறார். அதை மெதுவாக, தயக்கத்தோடு சொல்லவேண்டும் என்று அவரே விளக்கியிருக்கிறார். கூல் என்று மார்தட்டுகிறவனுக்குத் ‘தான்’ என்பதைச் சத்தமாகச் சொல்ல வரவில்லை. கடைசி வரியின் ஓரத்தில் அந்தச் சொல்லே இல்லை.

இதைத் தமிழில் கொண்டுவர உட்கார்ந்தால்தான் வேடிக்கை. தலைப்பிலேயே மாட்டிக்கொண்டேன். ‘குளிர்’ உதவாது. மனம் குளிர்ந்தது, வயிறு குளிர்ந்தது என்றால் நமக்கு அது நிறைவு. வெயில் காயும் ஊரின் சொல் அது. எதையும் மறைக்காது. ‘கெத்து’ கொஞ்சம் கிட்டே வரும், ஆனால் கெத்துக்குப் பார்வையாளர் வேண்டும், காலரைத் தூக்கிவிட வேண்டும். உள்ளே நடுங்கிக்கொண்டு கெத்து காட்டலாம்தான், ஆனால் அமைதியாகக் காட்டமுடியாது. ஆகவே ‘கூல்’ என்றே விட்டுவிடலாம் என்பது என் கட்சி. ஆனால் அந்தச் சொல் நம்மிடம் விளம்பரம் வழியாகவும் சினிமா வழியாகவும் கைகழுவிக்கொண்டு வந்த சொல். பூல் ஹால் வாசனை அதில் இல்லை.

அடுத்தது இலக்கணம். தலைப்பில் ‘ஆர்’ என்ற வினை விடுபட்டிருக்கிறது. பள்ளி ஆங்கிலத்தில் அது தப்பு, கறுப்பின ஆங்கிலத்தில் அது முறையான வழக்கு. பள்ளியை விட்டதை அந்த இல்லாத சொல்லே சொல்லிவிடுகிறது. தமிழிலோ ‘நாங்க கூல்’ என்பதுதான் சரியான வாக்கியம், தமிழாசிரியர்கூட அடிக்கோடு போடமாட்டார். அங்கே மீறலாக இருந்தது இங்கே நன்னடத்தை ஆகிவிடுகிறது. ஆங்கிலத்தில் இல்லாத ஒன்றைத் தமிழ் தருவதும் உண்டு: ‘நாம’ இல்லை, ‘நாங்க’. வாசகரை வெளியே நிறுத்திக் கதவைச் சாத்துகிற பன்மை. அந்தப் பையன்களுக்கு அது நன்றாகப் பொருந்துகிறது.

ஆனால் வரி ஓரத்துச் சொல்லை என்ன செய்வது? நம் வினைமுற்றில் ‘ஓம்’ ஒட்டிக்கொண்டு வருகிறது. விட்டோம், திரிகிறோம், குடிக்கிறோம். மெதுவாகச் சொல்லவேண்டிய ‘நாங்க’ ஒவ்வொரு வினையிலும் கோஷம்போல ஒலிக்கிறது. ‘விட்டாச்சு’, ‘குடிச்சாச்சு’ என்று பேச்சுத்தமிழில் கொஞ்சம் தப்பிக்கலாம், அதில் ஆள் இல்லை. கடைசி வினையில் அதுவும் நடக்காது. ‘சாகிறோம்’ என்று எழுதினால், ப்ரூக்ஸ் வெட்டிப்போட்ட ‘நாங்க’ திரும்ப உயிரோடு வந்து உட்கார்ந்துகொள்கிறது. ‘சாவு’ என்று பெயர்ச்சொல்லாக்கினால் ஆள் போய்விடுகிறார்கள், ஆனால் அது திண்ணைப் பெரியவர் கொடுக்கும் சாபம்போல இருக்கிறது. பையன்களின் குரல் இல்லை. ‘சாகப்போறோம்’ என்றால் அழுகை எட்டிப்பார்க்கிறது, கூல் போய்விட்டது. என் நோட்டில் அந்த ஒரு வினை இன்னும் காலியாகத்தான் இருக்கிறது.