குராசிக்கியில் ஒரு நாள்: நூதனசாலையும் நூற்பாலையும்

தனி வழிகாட்டி ஒருவரை ஒரு நாளுக்கு அமர்த்திக்கொண்டு ஓவிய நூதனசாலைகளைச் சுற்றிப் பார்க்கும் வழக்கம் யப்பானுக்குச் செல்லும் பிறநாட்டார் மத்தியில் இன்று பரவியுள்ளது. இதனை வசதி படைத்தோரின் பொழுதுபோக்கு என்று சொல்லி அப்பாற் சென்றுவிடுதல் எளிது. ஆனால் வழிகாட்டி செய்யுங் காரியத்தைச் சற்றே கூர்ந்து நோக்குவோமாயின், அதுவும் ஒருவகை விமர்சனத் தொழிலே என்பது புலனாகும். எந்தப் படத்தின் முன் நிற்பது, எதனைக் கடந்து போவது, யாருடைய பெயரைச் சொல்வது, எதனை எதனோடு பொருத்திக் காட்டுவது என்று அவர் இடையறாது தீர்மானித்துக்கொண்டிருக்கிறார். நூலொன்றுக்கு விமர்சகன் செய்வதை அவர் ஓர் ஊருக்குச் செய்கிறார். ஆதலால், விமர்சகனிடம் நாம் கேட்கும் கேள்விகளை அவரிடமுங் கேட்பது முறையாகும்.

இக்கேள்விகளை எழுப்புவதற்கு மேற்கு யப்பானிலுள்ள குராசிக்கி நகர் மிகப் பொருத்தமான இடம். ஒகாயாமாவிலிருந்து புகையிரதத்திற் கால்மணி நேரத்துக்குச் சற்று மேற்பட்ட பயணம். தொக்குகாவா ஆட்சிக்காலத்தில் சோகுன்களின் நேரடி ஆளுகைக்கு உட்பட்டிருந்த ஊர் இது. படகுகள் சரக்கேற்றிச் சென்ற பழைய கால்வாய், அதன் கரைகளில் வெள்ளைச் சுவரும் கரிய ஓடும் கொண்ட களஞ்சியங்கள், அவற்றின் நடுவே கிரேக்கக் கோயிலின் தூண்களோடு நிமிர்ந்து நிற்கும் ஓஹாரா ஓவிய நூதனசாலை. 1930ஆம் ஆண்டிலே திறக்கப்பட்ட இந்நூதனசாலையே மேலைநாட்டு ஓவியங்களுக்கென யப்பானில் எழுந்த முதலாவது தனியார் நூதனசாலை என்பர். அங்கிருந்து ஐந்து நிமிட நடையில், 1889இற் கட்டப்பட்ட செங்கல் நூற்பாலை இருக்கிறது. 1974 முதல் அது விடுதியாகவும் உல்லாச வளவாகவும் இயங்குகிறது. கால்வாய்ப் பக்கத்திலேயே, 1948இல் தொடங்கிய நாட்டார் கைவினை நூதனசாலையும் உண்டு. மூன்றையும் ஒரு பகலிற் பார்த்துவிடலாம். அவை மூன்றும் ஒரே வரலாற்றின் மூன்று பக்கங்கள் என்று பார்க்கிறோமா என்பதுதான் கேள்வி.

பயிற்சியொன்றின் பொருட்டு ஒகாயாமாவிலே தங்கியிருந்த ஆசிரியர் நால்வர் கூலியைப் பகிர்ந்துகொண்டு ஒருவரை அமர்த்தினோம். தனியொருவராய்க் கொடுப்பதற்கு எங்கள் சம்பளம் இடந்தராது. வந்தவர் ஐம்பது வயது மதிக்கத்தக்க ஓர் அம்மையார். 1949ஆம் ஆண்டுச் சட்டப்படி, அரசாங்கப் பரீட்சையிலே தேறியவர்கள் மட்டுமே கூலி பெற்றுப் பிறமொழியில் வழிகாட்டலாம் என்னும் விதி யப்பானில் இருந்தது; 2018 சனவரியில் அத்தடை நீங்கிற்று. இவர் பழைய விதியின்படி தேறியவர். ஆண்டுகளிற் பிசகில்லை; பெயர்களில் மயக்கமில்லை. காலை தொட்டு மாலை வரை நின்றபடி பேசி, அதற்கிடையிலே எங்கள் புகையிரதச் சீட்டையும் மத்தியான உணவையும் கவனித்த அவரும் ஓர் உழைப்பாளியே. அவர் சொல்லாது விட்டவற்றை இங்கே எடுத்துரைக்கிறேன் என்றால், அவருக்குக் கற்பிக்கப்பட்ட பாடத்தின் எல்லைகளைக் காட்டுவதற்காகவே.

பாடம் கோஜிமா தோராஜிரோவிடமிருந்து தொடங்குகிறது. 1881இற் பிறந்த இவ்வோவியர், ஆலை முதலாளியான ஓஹாரா மகோசபுரோவின் உதவியால் 1908இல் ஐரோப்பா சென்று பயின்றவர். பின்னர் 1919இலும் 1922இலும் மீண்டுஞ் சென்று, ஓஹாராவின் பணத்திலே படங்களை வாங்கினார். மொனேயிடம் நேரிற் போய் நீரல்லி ஓவியம் ஒன்றைப் பெற்றார். எல் கிரெக்கோவின் 'மங்கள வார்த்தை' ஓவியத்தைப் பாரிசிற் கண்டு வாங்கினார். கோகான், மத்தீஸ், செகந்தீனி ஆகியோரின் படைப்புகளும் அக்கூடத்திலே உள. வாயிலில் ரொடானின் இரு வெண்கலச் சிலைகள் நிற்கின்றன. கோஜிமா 1929இல் மறைந்தார். அவர் நினைவாகவே அடுத்த ஆண்டு நூதனசாலை எழுந்தது.

இவ்வரலாற்றில் நமக்கு முதன்மையானதெனத் தோன்றும் செய்தியை அம்மையார் ஒரே வாக்கியத்திற் சொல்லி முடித்துவிட்டார். நூதனசாலை கட்டப்படுவதற்கு ஒன்பது ஆண்டுகள் முன்னரே, 1921இல், கோஜிமா கொணர்ந்த பிரெஞ்சு ஓவியங்கள் குராசிக்கியின் ஆரம்ப பாடசாலையொன்றிலே காட்சிக்கு வைக்கப்பட்டன. தொலைவூர்களிலிருந்தெல்லாம் மக்கள் திரண்டு வந்து வரிசையில் நின்றனர். ஐரோப்பா செல்ல வழியற்ற யப்பானிய ஓவியரும் மாணவரும் மூல ஓவியத்தைக் கண்ணாற் காணவேண்டும் என்பதே கோஜிமாவின் நோக்கம். பாடசாலை மண்டபத்தில் ஆயிரக்கணக்கானோர் கண்ட படங்களை இன்று நால்வர் ஒரு வழிகாட்டியின் மெல்லிய குரலிற் காண்கிறோம். ஆழ்ந்து காண்பதற்கு இது வசதியே, மறுக்கவில்லை. ஆனால் அந்த வரிசையில் நின்றவர்கள் யார்? ஐந்து நிமிட நடையிலிருந்த ஆலையின் பெண்களும் நின்றார்களா? இதை அம்மையாரிடம் கேட்டேன். இத்தனை ஆண்டுகளில் ஒருவரும் தம்மிடம் இவ்வாறு கேட்டதில்லை என்று சொல்லி, தம் குறிப்புப் புத்தகத்தில் எதையோ எழுதிக்கொண்டார்.

மத்தியானத்துக்குப் பின் ஆலை வளவுக்குச் சென்றோம். செங்கற் சுவர்களைப் பசுங்கொடி மூடிக் கிடக்கிறது. எல்லாரும் அதன் முன் நின்று படமெடுக்கின்றனர். உள்ளே வெப்பத்தைத் தணிப்பதற்காக ஆலைக்காரர் வளர்த்த கொடி அது. அழகுக்காக வளர்ந்ததன்று. உள்ளே வெப்பம் தணிக்கப்படவேண்டியிருந்தது என்றால் அவ்வெப்பத்தில் நின்றவர் எவர் என்று அடுத்த கேள்வி எழவேண்டும். சுற்றுலாவின் பாடத்திட்டத்தில் அக்கேள்வி இல்லை. நூதனசாலை என்பது 'கலை' என்னும் தலைப்பின் கீழும், ஆலை என்பது 'ஓய்வு' என்னும் தலைப்பின் கீழும் வந்துவிடுகின்றன.

யப்பானின் நூற்பாலைகள் பெரும்பாலும் இளம்பெண்களின் உழைப்பால் நடந்தவை. ஏழைக் குடியானவர் வீடுகளிலிருந்து, பெற்றோருக்கு முன்பணம் கொடுத்து, அவர்கள் ஆட்சேர்க்கப்பட்டனர். பூட்டிய விடுதிகளில் வாழ்ந்து, பகலும் இரவுமாக முறைமாற்றி உழைத்தனர். அவர்கள் நூற்ற பஞ்சிலே பெரும்பகுதி இந்தியப் பருத்தி. 1893இற் பம்பாய்க்கும் கோபேக்கும் இடையே யப்பானியக் கப்பற் சேவை தொடங்கியதற்கே இப்பருத்திதான் காரணம். ஆலைப் பெண்களிடையே காசநோய் பரவிய கொடுமையை 1913இல் இசிஹாரா ஒசாமு என்னும் மருத்துவர் பகிரங்கப்படுத்தினார். பெண்களின் இரவு வேலையைத் தடுக்கும் விதியோ 1929 யூலையிலேயே நடைமுறைக்கு வந்தது. அதாவது, கோஜிமா பாரிசிற் படம் தேடிய ஆண்டுகளெல்லாம் யப்பானின் பெண்கள் இரவிலே நூல் நூற்ற ஆண்டுகள்.

இவ்விடத்திலே நம்மவரிற் சிலர் விரைந்து தீர்ப்புக் கூறிவிடுவர்: தொழிலாளியின் இரத்தத்தில் எழுந்த மாளிகை, முதலாளியின் பெயரைக் கழுவுவதற்கு ஓவியம். கேட்பதற்கு உரமான வார்த்தைகளே. ஆயினும் சான்றுகள் இவ்வளவு எளிய முடிபுக்கு இடங்கொடா.

1906இல் ஆலை விடுதியிலே தொற்றுநோய் பரவித் தொழிலாளர் இறந்தனர். மகோசபுரோவின் தந்தை பொறுப்பேற்று விலக, இருபத்தைந்து வயது கடந்த மகன் தலைவரானார். பெருங்கூட்டமாக அடைத்து வைத்த விடுதிகளை ஒழித்துச் சிறு வீடுகளாகக் கட்டினார். ஆலைத் தொழிலாளருக்குக் கல்வி கொடுக்கும் ஏற்பாட்டை 1902இலேயே தொடக்கியிருந்தார். 1919இல் ஒசாக்காவிலே சமூகப் பிரச்சினை ஆராய்ச்சி நிலையமொன்றை நிறுவினார். தக்கானோ இவாசபுரோவின் தலைமையில் மார்க்சியப் பொருளியலறிஞர்கள் அங்கே பணியாற்றினர். குரொப்பொற்கின் பற்றிய கட்டுரைக்காக 1920இல் தோக்கியோப் பல்கலைக்கழகத்தை இழந்த மொரித்தோ தத்சுவோவுக்கும் அதுவே புகலிடமாயிற்று. யப்பானியத் தொழிலாளர் ஆண்டு நூலை வெளியிட்ட நிலையம் அது. இன்று ஹோசேய் பல்கலைக்கழகத்தைச் சேர்ந்துள்ளது. 1921இற் குராசிக்கியிலேயே தொழிலியல் ஆய்வகம் ஒன்று தோன்றி, இரவு வேலை ஆலைப் பெண்களின் உடலை எவ்வாறு வாட்டுகிறது என்பதை அளந்தது.

தம் வர்க்கத்தை விமர்சிப்போருக்கே பணங்கொடுத்த முதலாளி என்னும் இந்த முரண்பாட்டை விளக்காத விமர்சனம் விமர்சனமாகாது. ஓஹாராவின் அறக்கொடைகள் உற்பத்தி உறவுகளைத் தொடவில்லை. ஆலையும் நிலமும் அவருடையனவாகவே இருந்தன. எந்த அளவுக்கு இரங்குவது என்பதையும் அவரே நிர்ணயித்தார். ஆனால் அவர் தந்த நிலையத்தில் உருவான அறிவு அவருடைய நிர்ணயத்துக்கு அப்பாலுஞ் சென்றது. ஓவியங்களும் அவ்வாறே. எல் கிரெக்கோவின் கன்னி மரியாள் வாசிப்பிலிருந்து திடுக்குற்றுத் திரும்பும் அந்தக் கணம், அதை வாங்கியவரின் கணக்குப் புத்தகத்துக்குள் அடங்குவதன்று. அடங்காது என்பதனால் அக்கணக்குப் புத்தகத்தை நாம் திறவாது விடவேண்டும் என்பதுமில்லை.

சுற்றுலாவில் இன்னொரு கதையுஞ் சொல்லப்படுகிறது. 1932இற் சர்வதேச சங்கத்தின் லிற்றன் குழுவினர் இங்கு வந்து படங்களைக் கண்டு வியந்தமையால், போர்க்காலத்திற் குராசிக்கி குண்டுக்குத் தப்பியது என்பது கதை. இன்று அதே நகரசபையின் எல்லைக்குள் அடங்கும் மிசுசிமாவிலே விமானத் தொழிற்சாலை இருந்தது. 1945 யூன் 22இல் அது குண்டுவீச்சுக்கு இரையாயிற்று. அங்கே மலையைக் குடைந்து நிலத்தடித் தொழிற்சாலை அமைத்த வேலையிற் கொரியத் தொழிலாளர் பலர் உழன்றனர். ஓவியம் ஊரைக் காத்தது என்னும் இனிய கதையிலே இவர்களுக்கு இடமில்லை.

கைவினை நூதனசாலைக்கு வருவோம். யானாகி சோயெத்சு, ஹமாடா சோஜி, கவாய் கஞ்ஜிரோ ஆகியோர் 1925இல் 'மிங்கேய்' என்னும் சொல்லைப் படைத்தனர். மக்கட் கைவினை என்பது அதன் பொருள். பெயரறியாக் குயவனும் நெசவாளியும் அன்றாடப் பயனுக்காகச் செய்த பொருளிலே பேரழகு உண்டு என்பது யானாகியின் கோட்பாடு. 1936இல் தோக்கியோவிலே திறந்த அவருடைய நூதனசாலைக்கும் ஓஹாராவே பொருளுதவினார். பெயர்பெற்ற கலைஞனை மட்டுமே போற்றிய இரசனைக்கு இது சரியான மறுப்பு. முற்போக்காளர் இதனைத் தயக்கமின்றி ஏற்கலாம். ஆயினும் பெயரின்மையை ஓர் அழகாகவே ஆக்கிவிட்டால், பெயர் எவ்வாறு பறிபோயிற்று என்னும் விசாரணை நின்றுவிடுகிறது. குராசிக்கியின் கைவினை நூதனசாலை பழைய அரிசிக் களஞ்சியங்களில் அமைந்துள்ளது. குடியானவன் அளந்த நெல் அடுக்கப்பட்டிருந்த அதே கூரையின் கீழ், இன்று குடியானவன் முடைந்த கூடை அழகுப்பொருளாய் இருக்கிறது. நிலச்சீர்திருத்தச் சட்டம் 1946இல் வந்தது. இந்நூதனசாலை 1948இல் வந்தது. இவ்விரண்டு ஆண்டுகளையும் அருகருகே எழுதிக் காட்டும் ஒரு சிறு பலகை போதும், அக்கூடை வேறொரு கூடையாகத் தோன்றும்.

பெயர்பறிப்பு என்பது நம் பக்கத்திலும் நேர்வதே. ஆலைத் தொழிலாளியாயிருந்த ஹோசோய் வாகிசோ 1925இல் 'ஜோக்கோ ஐசி' என்னும் நூலை வெளியிட்டார். ஆலைப் பெண்களின் துயர வரலாறு என்று அத்தலைப்பைச் சொல்லலாம். அடுத்த மாதமே, இருபத்தெட்டு வயதில், அவர் இறந்தார். அவர் எழுதிக்கொண்டிருந்த காலத்தில் ஆலையில் உழைத்து வீட்டைத் தாங்கியவரும், தம் அனுபவங்களை அந்நூலுக்குத் தந்தவருமான துணைவி தோசியோவின் பெயர் நெடுங்காலம் எவர் கண்ணிலும் படவில்லை. 1980இலே, முதுமையில், அவர் தம் வரலாற்றைத் தாமே நூலாக எழுதவேண்டியிருந்தது. நூற்பாலைப் பெண்ணின் குரல் அவள் வாயிலிருந்தே வருவதற்கு ஐம்பத்தைந்து ஆண்டு சென்றது.

ஆலை வளவினுள், பழைய பஞ்சுக் களஞ்சியமொன்றிலே, ஆலையின் வரலாற்றைக் கூறும் கூடம் 1969 முதல் இருக்கிறது. பத்திரங்களும் புகைப்படங்களும் அங்கே உண்டு. எங்கள் நாட்குறிப்பில் அது கடைசியிடத்தில், 'நேரமிருந்தால்' என்னும் குறிப்போடு இருந்தது. இருபது நிமிடந்தான் மிஞ்சிற்று. மாணாக்கரை அழைத்துச் செல்லும் ஆசிரியர் எவராயினும் காலையில் இங்கேயே தொடங்கட்டும். அரை நாளை இதற்கே கொடுக்கட்டும். பிறகு கால்வாயோரமாக நடந்து, கைவினைக் களஞ்சியத்தைக் கடந்து, கிரேக்கத் தூண்களுக்குள் நுழையட்டும். படங்களின் எண்ணிக்கை குறையும். எல் கிரெக்கோவுக்கு அரை மணி, செகந்தீனியின் ஆல்ப்சு மலை இடைச்சிக்கு அரை மணி. மற்றவை இன்னொரு நாளைக்கு இருக்கட்டும்.