அது என்பது யார்?

சின்னக் குழந்தைகளுக்கான விலங்குப் பாட்டுக்கதைகளை நாம் விமர்சனத்துக்கு உரியவையாக நினைப்பதில்லை. எலி பேசுகிறது, நரி ஏமாறுகிறது, குழந்தை சிரிக்கிறது. இதில் பெண்ணியத்துக்கு என்ன வேலை என்பார்கள். வேலை அங்கேதான் தொடங்குகிறது என்பது என் எண்ணம். எழுத்துக் கூட்டத் தெரியாத வயதில், பொருள் புரியும் முன்பே, தாலாட்டுக்கு அடுத்தபடியாக உள்ளே போய் உட்கார்ந்துகொள்ளும் இலக்கியம் இது. எதுகையும் இயைபும் கொண்டு தைத்ததைப் பிறகு எளிதில் பிரித்தெடுக்க முடியாது.

இந்த வகையில் உலகெங்கும் கொண்டாடப்படும் ஒரு புத்தகத்தை எடுத்துக்கொள்கிறேன். ஜூலியா டொனால்ட்சன் எழுதி, அக்செல் ஷெஃப்லர் படம் வரைந்து, 1999இல் இங்கிலாந்தில் வெளிவந்த 'தி கிரஃபலோ'. ஒரு சுண்டெலி காட்டுக்குள் நடந்து போகிறது. நரி, ஆந்தை, பாம்பு மூன்றும் அதைத் தின்னப் பார்க்கின்றன. கிரஃபலோ என்றொரு பயங்கர மிருகத்தோடு தனக்கு விருந்து இருப்பதாகக் கதை விட்டு எலி தப்பிக்கிறது. பிறகு பார்த்தால், கற்பனை மிருகம் நிஜமாகவே எதிரில் வந்து நிற்கிறது. காட்டிலேயே எல்லோரும் அஞ்சுவது என்னைப் பார்த்துத்தான் என்று சொல்லி, அதையும் எலி ஓடவைக்கிறது. பல்லும் நகமும் இல்லாதவளுக்குச் சொல்தான் ஆயுதம் என்பது நம் பாட்டிமார் கதைகளிலும் உள்ள அறிவு. நான் அறியாமலே 'இல்லாதவளுக்கு' என்று எழுதிவிடவில்லை. அதற்குக் காரணம் உண்டு.

இந்தக் கதைக்கு வித்து ஒரு சீன நாட்டார் கதை என்று டொனால்ட்சனே சொல்லியிருக்கிறார். அவர் அறிந்த வடிவத்தில் புலியை ஏமாற்றுவது ஒரு சிறுமி. தான் இந்தக் காட்டின் அரசி என்கிறாள். நம்பாவிட்டால் என் பின்னால் நடந்து வந்து பார் என்கிறாள். எதிர்ப்படும் விலங்குகள் புலியைக் கண்டு நடுங்க, தன் முன்னால் நடப்பவளைக் கண்டுதான் நடுங்குகின்றன என்று புலி நம்பிவிடுகிறது. புத்தகமாகும்போது புலி கிரஃபலோ ஆனது. 'டைகர்' என்ற சொல்லுக்கு இயைபு கிடைக்காததால் பிறந்த பெயர் அது. சிறுமி எலியானாள். சாமர்த்தியம் அப்படியே கைமாறியது. 'நான் அரசி' என்ற உரிமைக்குரல் மட்டும் வழியில் எங்கோ விழுந்துவிட்டது.

நரி, ஆந்தை, பாம்பு, கிரஃபலோ எல்லாமே ஆங்கில மூலத்தில் 'அவன்'. எலிக்கு மட்டும் அவன், அவள் என்ற சுட்டே வருவதில்லை. படத்திலும் அது ஆடை அணியாத வெறும் எலி. ஆணாகவும் படிக்கலாம், பெண்ணாகவும் படிக்கலாம். ஆனால் 2009இல் இதை அசைவூட்டப் படமாக்கியபோது எலிக்குக் கிடைத்தது ஓர் ஆணின் குரல். நரிக்கும் ஆந்தைக்கும் பாம்புக்கும் கிரஃபலோவுக்கும் அப்படியே. பெண்குரல் ஒன்று முக்கியமாக ஒலிக்கிறது. தன் பிள்ளைகளுக்கு இந்தக் கதையைச் சொல்லும் தாய் அணிலின் குரல் அது. கதைக்குள்ளே ஆண்கள், கதையைச் சொல்ல அம்மா. நம் வீடுகளின் வேலைப் பிரிவினை காட்டிலும் அப்படியே நடக்கிறது.

நாயகன் ஆண் என்பது மட்டும் என் குறை அல்ல. ஏமாறுகிறவர்களும் ஆண்கள்தான். அசடு வழிவதும், தலைதெறிக்க ஓடுவதும், வீறாப்பு பேசி மாட்டிக்கொள்வதும் சிரிப்பின் உரிமைகள். நல்ல பெண், தைரியமான பெண், படிக்கும் பெண் என்று பெண்குழந்தைகளுக்குப் புத்தகம் செய்ய இன்று பலர் இருக்கிறார்கள். முட்டாள்தனம் செய்து சிரிப்புக்கு இடமாகி, அடுத்த பக்கத்தில் சுகமாகச் சாப்பிடப் போகும் பெண்விலங்கு எத்தனை? முன்மாதிரியாக இருந்தே ஆக வேண்டும் என்பதும் ஒரு சுமைதான்.

2004இல் வந்த 'தி கிரஃபலோஸ் சைல்ட்' அந்த இடத்தைக் கொஞ்சம் நிரப்புகிறது. கிரஃபலோவின் குட்டி ஒரு பெண். காட்டுக்குள் போகாதே என்று அப்பா சொன்னதை மீறி, பனி இரவில் தனியாகக் கிளம்புகிறாள். எலியைத் தின்னப் பார்க்கிறாள். அடங்காதவள், பசிக்காரி, வேடிக்கையானவள். அவளை எனக்குப் பிடிக்கும். ஆனால் முடிவு உறுத்துகிறது. நிலவொளியில் பூதாகாரமாக விழும் எலியின் நிழலைக் கண்டு மிரண்டு, தைரியம் சற்றுக் குறைந்தவளாக அப்பாவின் குகைக்குத் திரும்புகிறாள். அதே காட்டில் நடந்த எலிக்குக் கதை முடிவில் ஒரு கொட்டையும் அமைதியும் கிடைத்தன. மகளுக்குக் கிடைத்தது, அப்பா சொன்னது சரிதான் என்ற பாடம்.

தமிழில் இந்தச் சிக்கலே இல்லையே, விலங்கெல்லாம் அஃறிணை, 'அது' என்று சொல்லிவிட்டால் போயிற்று என்று தோன்றலாம். தொல்காப்பிய மரபியல் பிடி, பிணை, மந்தி என்று பெண்விலங்குக்குத் தனிப்பெயர்களே தருகிறது. ஆனாலும் மொழிபெயர்ப்புத் தாளில் என் முதுகலை மாணவியரிடம் இந்த எலியைத் தமிழில் கொண்டுவரச் சொன்னபோது, வந்தவர் பெரும்பாலும் 'எலியார்'. ஔவையாரிலும் தாயாரிலும் இருக்கும் அதே 'ஆர்' விகுதிதான். இலக்கணப்படி அதற்கு ஆண், பெண் வேறுபாடு கிடையாது. ஆனால் விலங்கின் மேல் ஒட்டியதும் அதற்கு மீசை முளைத்துவிடுகிறது. பால் சொல்லாமல் விட்ட ஆங்கில எலிக்கு நேர்ந்ததுதான் நம் 'அது'வுக்கும் நேர்கிறது. காலியாக விடப்பட்ட இடம் காலியாக இருப்பதில்லை. பழக்கம் வந்து அதில் உட்கார்ந்துகொள்கிறது.

பாட்டாக எழுதும்போது இன்னொன்றும் நடக்கிறது. தமிழில் வாக்கியம் வினைமுற்றில் முடிகிறது. எனவே எளிதாகக் கிடைக்கும் இயைபு அங்கேதான் விழும். வந்தான், நின்றான், சென்றான். வினைமுற்றின் ஈற்றில் பால் இருக்கிறது. ஆங்கிலப் பாட்டில் 'அவன்' வரியின் நடுவே நழுவிப் போகும். தமிழிலோ, எலியை உயர்திணையாக்கிவிட்டால், வரிதோறும் முடிவில் அழுத்தம் பெற்று நிற்பது ஆண்பால். குழந்தை கைதட்டுவதே அந்த 'ஆன்' மேல்தான்.

டொனால்ட்சனின் இன்னொரு புத்தகம் வேறு வழி காட்டுகிறது. 2003இல் வந்த 'தி ஸ்நெயில் அண்ட் தி வேல்' புத்தகத்தில் நத்தை பெண்பால். திமிங்கலத்தின் வாலில் ஏறி உலகம் சுற்றுகிறாள். பரந்த உலகைப் பார்த்துத் தான் எவ்வளவு சிறியவள் என்று மலைக்கிறாள். ஆனால் திமிங்கலம் கரை ஒதுங்கித் தவிக்கும்போது, பள்ளிக்கூடத்துக்கு ஊர்ந்து போய், தன் உடல் கசியும் வெள்ளித் தடத்தால் கரும்பலகையில் உதவி கேட்டு எழுதிவிடுகிறாள். அவள் உடலே அவளுக்கு மை. எழுதும் பெண்ணைப் பற்றி இத்தனை சுருக்கமாகச் சொன்ன பெரியவர் இலக்கியம் எனக்கு உடனே நினைவுக்கு வரவில்லை.

இந்தப் பாட்டுகளைக் குழந்தைகளுக்குச் சொல்பவர்கள் பெரும்பாலும் அம்மாக்கள், பாட்டிகள், அங்கன்வாடி ஆசிரியைகள். புத்தகத்தைத் தடைசெய்யவோ திருத்தவோ வேண்டாம். குரல் நம்மிடம் இருக்கிறது. இலக்கணம் கெடும் என்ற பயமும் வேண்டாம். உவப்பினால் திணை மாறிச் சொல்வதை நன்னூல் ஏற்றுக்கொள்கிறது. உரையாசிரியர்கள் அதற்குக் காட்டும் உதாரணம், வீட்டுக்கு வரும் பசுவை அம்மா வந்தாள் என்று மகிழ்ந்து சொல்வது. அங்கும் அம்மாதான். பசு அம்மாவாகலாம் என்றால், நரியை முட்டாளாக்கிவிட்டுக் கொட்டை கொறிக்கும் எலி ஏன் யாருக்கும் அம்மாவாக இல்லாத, வெறும் வாயாடியான ஒரு 'அவள்' ஆகக் கூடாது?