பாதிரியாரின் புல்லாங்குழல்

சில புத்தகங்களில் முகப்புப் பக்கத்தைத் தாண்டவே மனம் வராது. ஜான் பிராட்வுட் என்ற ஆங்கிலேயப் பாதிரியார் தொகுத்த 'ஓல்டு இங்கிலிஷ் சாங்ஸ்' அப்படிப்பட்ட புத்தகம். உள்ளே இருப்பவை 16 பாட்டுகள்தாம். முகப்போ ஒரு முழுப் பத்தி நீளத்துக்கு ஓடுகிறது. அந்தக் காலத்து ஆங்கிலப் புத்தகங்களுக்கு நீண்ட தலைப்பு வழக்கமே. ஆனால் இந்த முகப்பில் வெறும் அலங்காரமாக ஒரு சொல்லும் இல்லை. ஒவ்வொரு தொடரும் ஒரு வாக்குறுதி.

முதல் வாக்குறுதி இடத்தைப் பற்றியது. இவை சரே, சசெக்ஸ் ஆகிய இரண்டு மாவட்டங்களிலும் பரந்து கிடக்கும் வீல்டு பகுதியின் உழவர்கள் பாடுபவை என்கிறது முகப்பு. தெற்கு இங்கிலாந்தில், வடக்கேயும் தெற்கேயும் சுண்ணாம்புக் குன்றுகள் காவல் நிற்க, நடுவே ஓக் மரங்களும் களிமண் வயல்களுமாக இருக்கும் நிலம் அது. பிராட்வுட் குடும்பத்தின் லைன் என்ற வீடு அந்த இரண்டு மாவட்டங்களின் எல்லையோரத்தில் இருந்தது. இங்கிலாந்து முழுவதற்கும் பொதுவான பாட்டு என்று பெரிய வார்த்தை சொல்லாமல், 'எங்கள் பக்கத்துப் பாட்டு' என்று எல்லை கட்டிக்கொண்ட அடக்கம் எனக்கு மிகவும் பிடித்திருக்கிறது.

இரண்டாவது, காலத்தைப் பற்றியது. பாட்டுகள் பழையவை, ஆனால் இன்று பாடப்படுகிறபடியே தரப்படுகின்றன என்கிறார். இதன் அருமை புரிய வேண்டுமானால் அவருக்கு முன்னால் நடந்ததைப் பார்க்க வேண்டும். 1765-ல் தாமஸ் பெர்சி வெளியிட்ட புகழ்பெற்ற பழம்பாடல் தொகுப்புக்கு முக்கிய ஆதாரம் ஒரு பழைய கையெழுத்துப் பிரதி. ஒரு வீட்டில் பணிப்பெண்கள் அடுப்பு மூட்டக் கிழித்துக்கொண்டிருந்த அந்தப் பிரதியை அவர் காப்பாற்றினார். பிறகு, சிதைந்த இடங்களைத் தம் கற்பனையால் நிரப்பி, மெருகேற்றித்தான் அச்சுக்குக் கொடுத்தார். மெட்டு அங்கே இல்லை. பிராட்வுட்டுக்கு ஏடு கிடையாது, வாய்கள்தான் ஏடு. பாடுகிறவன் உயிரோடு இருக்கிறான், நாளைக்கும் பாடுவான் என்ற நம்பிக்கையும், அவனுக்குப் பின் மறந்துபோகுமோ என்ற கவலையும் அந்த முகப்பில் சேர்ந்தே இருக்கின்றன. மறதியிலிருந்து மீட்பதற்காகவே மெட்டுகளை எழுதியதாக அவரே சொல்கிறார்.

மூன்றாவதுதான் எல்லாவற்றிலும் இனியது. தொகுத்தவர் தம் பெயரைப் போடவில்லை. அதற்குப் பதிலாகத் தம்மை ஒரு மாணவனாக அறிமுகம் செய்துகொள்கிறார். சின்ன வயதிலிருந்து ஒவ்வொரு கிறிஸ்துமஸுக்கும் கிராமத்து மக்கள் வீடு வீடாகப் பாடிவருவதைக் கேட்டுக் கேட்டுக் கற்றுக்கொண்டவன் என்று சொல்லிக்கொள்கிறார். 'வாசெயில்' பாடுவது என்று அந்த வழக்கத்துக்குப் பெயர். பின்னாளில் வந்த தொகுப்பாளர்கள் குறிப்பேட்டோடு பாட்டுத் தேடிப் போனார்கள். இவருக்குப் பாட்டே வாசலுக்கு வந்திருக்கிறது. 1798-ல் பிறந்தவர் இவர். வசதியான வீட்டுப் பிள்ளை, கூலிக்காரர்களிடம் பாடம் கேட்டதைப் பெருமையாக அச்சில் ஏற்றியிருப்பது அந்த வர்க்கபேதக் காலத்தில் சாதாரணம் அல்ல.

சொற்களைப் பற்றிய குறிப்பிலும் நேர்மை பளிச்சிடுகிறது. கரடுமுரடாக இருந்தபடியே விட்டிருக்கிறேன், பொருள் விளங்க வேண்டிய இடத்தில் மட்டும் கொஞ்சம் திருத்தியிருக்கிறேன் என்கிறார். திருத்தாத தொகுப்பாளர் அரிது. திருத்தினேன் என்று முகப்பிலேயே சொல்கிறவர் அதைவிட அரிது. ஆனால் மெட்டுக்கு அந்தச் சலுகையைக்கூட அவர் எடுத்துக்கொள்ளவில்லை. மெட்டு பாடியபடியே, ஒரு சுரமும் மாறாமல்.

இந்தப் பிடிவாதத்துக்கு ஒரு கதை உண்டு. பிராட்வுட்டின் தம்பி மகள் லூசி வழியாக நமக்குக் கிடைத்த கதை. மெட்டுகளுக்கு ஹார்மனி அமைத்துக் கொடுத்தவர், வொர்திங் என்ற கடற்கரை ஊரின் தேவாலயத்தில் ஆர்கன் வாசித்த டூசார்ட். 1843-ல் அந்த வேலை நடந்ததாக முகப்பு சொல்கிறது. ஒரு மெட்டில் ஏழாவது சுரம் தாழ்ந்து ஒலித்ததும் டூசார்ட் திகைத்துப் போனார். இது இலக்கணப் பிழை, திருத்த வேண்டும் என்றார். பிராட்வுட் மசியவில்லை. புல்லாங்குழலை எடுத்து அதே சுரத்தைத் திரும்பத் திரும்ப ஊதினார். சங்கீதப்படி தவறாக இருக்கட்டும், என் பாட்டுக்காரர்கள் பாடியது இதுதான், இப்படியே இருக்க வேண்டும் என்று நின்றுவிட்டார்.

டூசார்ட்டின் சங்கடமும் நியாயமானதே. அவர் படித்த இலக்கணத்தில் பாட்டு முடிகிற இடத்தில் மேல் ஷட்ஜத்துக்கு அரைச் சுரம் கீழே காகலி நிஷாதம் வேண்டும். அது ஷட்ஜத்தின் மேல் சாய்ந்துகொண்டே நிற்கும். பஞ்சமத்தின் மேல் கட்டும் கார்டு என்ற சுரக்கூட்டுக்குள் அது இருந்தால்தான் முடிவு முடிவாகக் காதில் விழும். அதைக் கைசிகி நிஷாதமாக இறக்கினால் அந்தப் பிடி தளர்ந்துவிடும். ஆனால் வீல்டு உழவனுக்கு அடியில் கார்டு எதுவும் கிடையாது. ஒற்றைக் குரலில் பாடுகிறவனுக்கு ஷட்ஜத்தை அடைய அந்த உந்துதல் தேவைப்படவில்லை. அவன் பழைய சுர வரிசைகளிலேயே பாடினான். அவற்றில் மிக்சோலிடியனின் சுரங்கள் நம் ஹரிகாம்போதியின் சுரங்கள்; டோரியனின் சுரங்கள் கரகரப்பிரியாவினுடையவை. இந்த ராகங்களைக் கேட்டு வளர்ந்த காதுக்கு அந்தத் தாழ்ந்த நிஷாதத்தில் பிழை தெரியாது, நிதானம்தான் தெரியும்.

அந்தப் புல்லாங்குழலைப் பிடித்தவர் எந்த வீட்டுப் பிள்ளை என்று தெரிந்தால் காட்சி இன்னும் அழகாகிறது. லண்டனின் பிராட்வுட் பியானோ நிறுவனத்தை நிறுவியவரின் பேரன் அவர். 1817-ல் பேத்தோவனுக்குப் பியானோ அனுப்பிவைத்தது அதே நிறுவனம். ஐரோப்பிய சங்கீதத்தின் புதிய இலக்கணத்தை வீட்டு முற்றத்திலேயே வைத்திருந்த குடும்பத்திலிருந்து வந்தவர், அந்த இலக்கணத்துக்கு எதிரே கூலிக்காரனின் தொண்டையை நிறுத்தி, இதுவும் சரியே என்று சாட்சி சொல்லியிருக்கிறார். எடிசனின் ஒலிப்பதிவுக் கருவி 1877-ல்தான் வந்தது. இசையமைப்பாளர் பெர்சி கிரெய்ஞ்சர் அதைக் கொண்டு லிங்கன்ஷயர் கிராமத்துப் பாட்டுகளைப் பதியத் தொடங்கியது 1906-ல். அந்தக் கருவி செய்யவிருந்த வேலையை, அதற்கு வெகுகாலம் முன்பே ஒரு மனிதரின் காதும் மனச்சாட்சியும் செய்திருக்கின்றன.

புத்தகத்தில் ஒரு குறை உண்டு. பாட்டுக்காரர்களின் பெயர்கள் இல்லை. தம் பெயரை மறைத்த அடக்கம் அவர்கள் பெயரையும் சேர்த்து மறைத்துவிட்டது. தனிச் சுற்றுக்காக அச்சான அந்தப் புத்தகத்தைப் பல ஆண்டுகள் கழித்து, 1890-ல், 'சசெக்ஸ் சாங்ஸ்' என்று புது ஹார்மனியோடு மறுபடி உலகுக்குக் கொண்டுவந்ததில் லூசிக்குப் பெரும் பங்கு உண்டு. தாமே சேகரித்த பாட்டுகளையும் அதில் சேர்த்தார். 1893-ல் ஃபுல்லர் மெய்ட்லண்டுடன் வெளியிட்ட 'இங்கிலிஷ் கவுன்ட்டி சாங்ஸ்' தொகுப்பில் பாட்டுகளை மாவட்டம் மாவட்டமாக வரிசைப்படுத்தினார், பாடியவர்களையும் குறிப்பிட்டார். பெரியப்பா விட்ட இடத்திலிருந்து வேலையைத் தொடர்ந்த மகள் அவர்.

ஹார்ஷம் ஊரில் செருப்பு தைத்துக்கொண்டும் தேவாலய மணி அடித்துக்கொண்டும் இருந்த ஹென்றி பர்ஸ்டோவை நாம் அறிவதற்கு லூசியும் ஒரு காரணம். டூசார்ட் ஹார்மனி எழுதியபோது பதின்பருவத்தில் இருந்தவர் பர்ஸ்டோ. அவருக்குத் தெரிந்த பாட்டுகள் 420. இசையமைப்பாளர் வாஹன் வில்லியம்ஸும் அவரிடம் பாட்டு எழுதிக்கொண்டார். அதே ஹார்ஷம் பக்கத்தில் மங்க்ஸ் கேட் என்ற சிற்றூரில் வெரல் என்ற அம்மையார் பாடிய மெட்டு ஒன்றை வாஹன் வில்லியம்ஸ் 1904-ல் எழுதி, 1906-ல் வந்த 'இங்கிலிஷ் ஹிம்னல்' பாட்டுப் புத்தகத்தில் சேர்த்தார். ஊர்ப் பெயரே மெட்டின் பெயராயிற்று. இன்றும் தேவாலயங்களில் அதைப் பாடுகிறார்கள்.

பெரிய தொகுப்புகள் பிறகு எத்தனையோ வந்தன. பின்னாளில் வந்த தொகுப்பாளர் செசில் ஷார்ப் ஒருவரே ஆயிரக்கணக்கான மெட்டுகளைக் கேட்டு எழுதினார். கிறிஸ்துமஸ் கீதங்களுக்கு மெட்டோடு கூடிய தொகுப்புகள் பிராட்வுட்டுக்கு முன்பே இருந்தன. ஆனாலும் உழவர்கள் பாடிய பாட்டைப் பாடியபடியே அச்சில் கொடுக்க வேண்டும் என்ற கொள்கையை முகப்பில் எழுதி, சோதனை வந்தபோது அதைக் கைவிடாமல் காத்த முன்னோடி இந்தச் சின்னப் புத்தகம்தான் என்பது என் முடிவு. ஊர்ப் பாட்டைப் பதிவு செய்யப் போகிறவர்கள் இதிலிருந்து ஒரு பாடத்தை எடுத்துக்கொண்டால் போதும்: காதில் விழுந்ததை எழுதுங்கள், திருத்தினால் திருத்தினேன் என்று சொல்லுங்கள். பிராட்வுட் விட்டுவிட்ட ஒன்றையும் சேர்த்துச் செய்யுங்கள். பாடியவரின் பெயரை எழுத மறக்காதீர்கள்.