காலப்பயணி (கதாபாத்திரம்)

காலப்பயணி, ஆங்கில எழுத்தாளர் எச்.ஜி. வெல்ஸ் எழுதிய 'தி டைம் மெஷின்' (1895) குறுநாவலின் மையக் கதாபாத்திரம். காலத்தை ஆராய்ந்து, அதனூடே சென்றுவரும் இயந்திரத்தை உருவாக்கிய விஞ்ஞானி. வெல்ஸ் இவருக்குப் பெயர் சூட்டவில்லை. காலத்தை வென்றவராகவே இவர் பரவலாக அறியப்படுகிறார். ஆனால் நாவல் காட்டுவது காலத்தில் பயணம் செய்ய முடிந்தும், அதனிடமிருந்து எதையும் மீட்க முடியாத ஒரு மனிதரை.

உருவாக்கம்

வெல்ஸ் லண்டன் சவுத் கென்சிங்டனில் டி.எச். ஹக்ஸ்லியிடம் உயிரியல் பயின்றவர். பரிணாமம் என்பது முன்னேற்றம் மட்டுமல்ல, சரிவாகவும் அமையலாம் என்ற எண்ணம் அங்கிருந்து வந்தது. 1888-ல் 'சயின்ஸ் ஸ்கூல்ஸ் ஜர்னல்' என்ற மாணவர் இதழில் 'தி குரோனிக் ஆர்கனாட்ஸ்' என்ற கதையை எழுதினார். அதன் நாயகர் டாக்டர் மோசஸ் நெபோகிப்ஃபெல், வேல்ஸ் நாட்டுச் சிற்றூரில் தனித்து வாழ்பவர். ஊரார் அவரை மந்திரவாதி என்று ஐயுறுகின்றனர். ஏழாண்டுகளுக்குப் பின் வந்த நாவலில் அந்த மர்ம மனிதர் இல்லை. அவரிடத்தில் வியாழக்கிழமைகளில் நண்பர்களுக்கு விருந்தளிக்கும் ரிச்மண்ட்வாசி ஒருவர் இருக்கிறார். அவரைச் சாதாரண மனிதராக்கியதே வெல்ஸின் முதல் வெற்றி.

வாழ்க்கை

காலப்பயணியின் முந்தைய வாழ்க்கை பற்றி நாவல் மிகக் குறைவாகவே சொல்கிறது. அவர் ஒளியியலில் பதினேழு ஆய்வுக்கட்டுரைகள் எழுதியவர். ஒரு வியாழனன்று காலம் நான்காவது பரிமாணம் என்று நண்பர்களிடம் வாதிட்டு, சிறு மாதிரி இயந்திரத்தை மறையச் செய்கிறார். அடுத்த வியாழனன்று புழுதி படிந்த உடையும் காயம்பட்ட கால்களுமாக விருந்துக்கு வந்து, கி.பி. 8,02,701-ஐக் கண்டதைச் சொல்கிறார். மறுநாள் அரைமணி நேரத்தில் வருவதாகக் கூறிச் சென்றவர், மூன்றாண்டுகள் கழிந்தும் திரும்பவில்லை. மூன்று கோடி ஆண்டுகளுக்கு அப்பால் சென்று வந்தவரை நண்பர்கள் நாவலில் கண்டது ஒரு வாரத்துக்குச் சற்று கூடுதலான காலமே.

விமர்சனம்

காலப்பயணி எதிர்காலத்தை உடனே புரிந்துகொள்பவர் அல்ல. பொதுக் கட்டடங்களில் சேர்ந்து வாழும் எலோய்களைக் கண்டதும் அது பொதுவுடைமைச் சமூகம் என்று எண்ணுகிறார். பிறகு, இயற்கையை முழுதும் வென்ற வசதியால் மனிதர் நலிந்துவிட்டனர் என்கிறார். நிலத்தடியில் மோர்லாக்குகளைக் கண்டபின், முதலாளிகளும் தொழிலாளிகளும் இரு உயிரினங்களாகப் பிரிந்துவிட்டனர் என்ற முடிவுக்கு வருகிறார். அதுவும் தவறாக இருக்கலாம் என்று ஒப்புக்கொள்கிறார். அவரை விஞ்ஞானியாக நம்பவைப்பது இயந்திரத்தைவிட இந்தத் திருத்தங்களே.

மோர்லாக்குகள் விஷயத்தில் மட்டும் அவர் அந்த நேர்மையைக் கைவிடுகிறார். அவர்கள் கவர்ந்து சென்ற இயந்திரம் துடைக்கப்பட்டு, எண்ணெயிடப்பட்டுத் திரும்பக் கிடைக்கிறது. அதைப் பிரித்துப் பார்க்கவும் அவர்கள் முயன்றிருக்கலாம் என ஐயுறுகிறார். அந்த யுகத்தில் இயந்திரத்தின் மேல் ஆர்வம் கொண்டவர்கள் அவர்கள் மட்டுமே. அவ்வகையில் எலோய்களைவிட அவர்களே அவருக்கு நெருங்கிய உறவு. ஆனால் நிலத்தடியில் அவர்களோடு பேச அவர் செய்த முயற்சி, அவர்கள் மொழி வேறாக இருந்ததால் பலிக்கவில்லை. எலோய்களைத் தின்பவர்கள் என்று அவர்களை அருவருத்தவர், வீடு திரும்பியதும் முதலில் கேட்பது ஆட்டிறைச்சி. வெல்ஸ் இந்த முரணை விளக்காமல் விட்டுவிடுகிறார்.

பாழடைந்த அருங்காட்சியகத்தில் நூல்கள் மட்கிப்போன காட்சி முக்கியமானது. மானுட உழைப்பின் வீண்மையை எண்ணும் அவர், தன் பதினேழு கட்டுரைகளை நினைத்ததையும் ஒப்புக்கொள்கிறார். இந்தச் சிறிய தன்னல வருத்தம் நீண்ட தத்துவ உரையைவிட ஆழமாகப் பதிகிறது.

நீரில் மூழ்கவிருந்த வீனாவை அவர் காப்பாற்றுகிறார். பின்னர் அவரே மூட்டிய தீ பரவிய காட்டில் அவளை இழக்கிறார். காலத்தில் பின்னோக்கிச் செல்லும் இயந்திரம் கையில் கிடைத்தபின்னும் அவளை மீட்கச் செல்வதைப் பற்றி அவர் பேசுவதில்லை. இதை நாவலின் குறையாகக் கொள்ள இடமுண்டு. ஆனால் அந்த மௌனத்தால்தான் இழப்பு இழப்பாகவே நிற்கிறது.

திரைவடிவங்கள்

ஜார்ஜ் பால் இயக்கிய 1960 திரைப்படம் காலப்பயணிக்கு ஜார்ஜ் என்று பெயரிட்டது. வெல்ஸின் கொள்ளுப்பேரன் சைமன் வெல்ஸ் இயக்கிய 2002 படத்தில் அவர் அலெக்சாண்டர் ஹார்ட்டிகன் என்ற பேராசிரியர். இறந்த காதலியை மீட்கவே இயந்திரம் செய்கிறார். நாவலில் அவரைச் செலுத்துவது அறியும் ஆவல் மட்டுமே. சொந்தத் துயரைக் காரணமாக்கியதும் கதை எளிதாகிறது. மானுடத்தின் எதிர்காலம் பற்றிய கேள்வி பின்னுக்குப் போகிறது.

இலக்கிய இடம்

ஐன்ஸ்டைனின் சிறப்புச் சார்புக் கோட்பாட்டுக்கு (1905) பத்தாண்டுகள் முன்பு தோன்றிய கதாபாத்திரம் இது. நான்காவது பரிமாணம் பற்றிய பேச்சு அப்போதே கணித உலகில் இருந்தது. நாவலே சைமன் நியூகோமின் உரையைக் குறிப்பிடுகிறது. கருத்தின் புதுமையைவிட, அதைச் சுமந்த மனிதரின் போதாமைகளே இக்கதாபாத்திரத்தை நிலைக்கச் செய்கின்றன. தன் பயணத்துக்குச் சான்றாக அவரால் காட்ட முடிந்தது, வீனா அவர் சட்டைப்பையில் வைத்த இரண்டு வாடிய வெள்ளைப் பூக்கள் மட்டுமே.