கதிரவனைத் தடுத்த கற்பு

விடியலில் கணவன் மடிவான் என்று முனிவன் சபிக்கிறான். பொழுதே புலராதே என்கிறாள் நளாயினி. உடனே உலகம் முழுவதும் இருளாம்! உள்ளம் கொதித்தால் காலம் கைகட்டி நிற்கும் என்பதே இக்கதையின் கோட்பாடு. மனைவியைக் காக்கக் கதிரவனைத் தடுத்த கணவன் எவனையாவது கேட்டதுண்டா, தோழர்களே? அந்தச் சுமை பெண்ணுக்கு மட்டுமே.

குறுந்தொகை 157-ஆம் பாட்டில் அள்ளூர் நன்முல்லையாரின் தலைவியும் விடியலை அஞ்சுகிறாள். சேவல் கூவுகிறது, காதலரைப் பிரிக்கும் வாளாக வைகறை வந்தே விடுகிறது. நடுங்கியது நெஞ்சு, ஞாயிறு அன்று.

2007-இல் அமெரிக்காவில் டேவிட் ஈகிள்மன் குழுவினர் வெளியிட்ட ஆய்வில், 31 மீட்டர் உயரத்திலிருந்து வலையில் விழுந்தோர், பிறர் விழுந்ததைவிடத் தாம் விழுந்த நேரம் 36 விழுக்காடு மிகுதி என்றனர். ஆனால் மணிக்கட்டுக் கருவியில் விரைந்து மாறிய எண்களை அவர்களால் முன்னினும் தெளிவாகப் படிக்க முடியவில்லை. நீண்டது நினைவிலே!

நளாயினிக்கு அவ்விரவு நீண்டது என்று மட்டும் எழுதியிருந்தால், அக்கதையையும் வகுப்பில் மகிழ்ந்து சொல்லியிருப்பேன்.