வருவார்கள், போவார்கள்: கரிசல் நடையின் காலம்

கரிசல் எழுத்துக்குச் சாகித்ய அகாதெமி விருதுகள் பல வந்துவிட்டன: கு. அழகிரிசாமி 1970, கி. ராஜநாராயணன் 1991, மேலாண்மை பொன்னுச்சாமி 2007, பூமணி 2014, சோ. தர்மன் 2019. கி.ரா. 2021இல் மறைந்த பிறகு கோவில்பட்டியில் அரசு அவருக்கு நினைவரங்கமும் கட்டிவிட்டது. இந்தப் பெருமையோடு சேர்ந்து ஒரு வாதமும் வேர்பிடித்து வருகிறது. கடிகாரமும் நாள்காட்டியும் வெளியிலிருந்து நாவலுக்குள் நுழைந்தவை, கதைசொல்லியின் வாய்மொழிதான் நமக்கே உரிய காலத்தை மீட்டுத் தந்தது, ஆண்டும் தேதியும் கரைந்துபோவதே கரிசல் நடையின் சாதனை என்கிறார்கள். இளம் எழுத்தாளர்கள் இதை நம்பி எழுதவும் தொடங்கிவிட்டார்கள். எனக்கு இதில் உடன்பாடில்லை. நெடுநாளாகவே இல்லை.

கி.ரா. செய்தது சின்னக் காரியமல்ல. ‘கோபல்ல கிராம’த்தில் 137 வயது மங்கத்தாயாரு அம்மாள் வாய்திறந்ததும் தெலுங்கு தேசத்திலிருந்து தப்பி வந்த மூதாதைகளின் பயணம் முழுவதும் நம் முன்னால் நடக்கிறது. தலைமுறைகளை ஒரு கிழவியின் குரலுக்குள் கொண்டுவந்த அந்த வித்தை அன்றைய பத்திரிகைத் தமிழுக்குக் கைவந்திருக்காது. 1982இல் வந்த கரிசல் வட்டார வழக்குச் சொல்லகராதி இல்லாவிட்டால் எத்தனையோ சொற்கள் பேசியவர்களோடு போயிருக்கும். இதையெல்லாம் மறுப்பவன் தமிழ் படித்தவனே அல்ல.

ஆனால் அந்தக் குரல் காலத்தை எதைக்கொண்டு வளைக்கிறது என்று பார்க்க வேண்டும். வினைமுற்றைக்கொண்டு வளைக்கிறது. “புரட்டாசி பிறந்துட்டா விதைப்பாங்க. மழை தப்பிச்சுன்னா பிழைப்புத் தேடி வெளியூர் போவாங்க. கார்த்திகையில திரும்பி வருவாங்க.” விதைப்பார்கள், போவார்கள், வருவார்கள். நடந்து முடிந்தது ஒன்றுமில்லை, எல்லாம் நடந்துகொண்டே இருக்கும் வழக்கம். இதே செய்தியை “தாது வருஷத்துல போனான், திரும்பல” என்று சொல்லிப் பாருங்கள். போனவனுக்கு ஒரு முகம் வந்துவிடும். ஏன் போனான், யாரிடம் கடன்பட்டிருந்தான், அவன் நிலம் யார் கைக்குப் போயிற்று என்ற கேள்விகள் எழும். முதல் நடையில் அந்தக் கேள்விகளுக்கு இடமே கிடையாது. வழக்கத்தைப் பார்த்து யார் ஏன் என்று கேட்பார்கள்?

இன்னொன்றும் இருக்கிறது. இதை எந்த ஆதரவாளரும் எண்ணிப் பார்த்ததாகத் தெரியவில்லை. இந்த நடை இந்த மண்ணுக்குப் பொருந்தாது. வழக்கம் என்பது காவிரிப் படுகைக்கு உரியது. அங்கே ஜூன் 12 மேட்டூர் திறக்கும் நாள் என்று ஒரு கணக்கு உண்டு, அது பிசகினால் செய்தியாகும். கோவில்பட்டிச் சீமை மானாவாரி. இங்கே பிசகுவதுதான் இயல்பு. விதைத்த பருத்தி முளைக்குமா, முளைத்தது காய்க்குமா, காய்த்தது அடைமழையில் நனையாமல் வீடு வருமா என்பது ஒவ்வோர் ஆண்டும் வேறு வேறு. அதனால்தான் கரிசல் சம்சாரி வருஷங்களைத் தனித்தனியாக நினைவில் வைத்திருக்கிறான்: தாது வருஷப் பஞ்சம், மிளகாய் அழுகின வருஷம், மாட்டை விற்ற வருஷம். அவன் பேச்சில் தேதி இல்லை என்று சொல்கிறவர்கள் அவன் பேச்சைக் கேட்டதில்லை. அச்சடித்த நாள்காட்டி வேண்டுமானால் அவனிடம் இல்லாமல் இருக்கலாம், காலக்கணக்கு இருந்தது, கறாராக இருந்தது.

கடிகாரமும் இங்கே புதிதல்ல. மில் சங்கு ஊதிக்கொண்டிருந்த ஊர் கோவில்பட்டி. விடியுமுன் கிராமம் கிராமமாக வந்து பிள்ளைகளைத் தூக்கத்தோடு ஏற்றிப்போனது தீப்பெட்டி ஆபீஸ் பஸ். கட்டை அடுக்கிய சிறுமிக்கு ஒரு நாளில் எத்தனை சட்டம் என்பதுதான் காலம், கூலியும் அதற்குத்தான். அவளிடம் போய் நம் மரபில் காலம் கரைந்துபோகும் என்று சொல்ல யாருக்கு மனம் வரும்? அந்தப் பிள்ளைகளை வைத்துப் பூமணி ‘கருவேலம் பூக்கள்’ என்று படமே எடுத்தார். கதைசொல்லியின் நடையில் அவர்கள் வந்தால் ஓர் ஓரமாக வந்து போவார்கள்.

ஆக, இந்தக் கரைந்த காலம் யாருடையது? திண்ணையில் உட்கார்ந்து சொல்ல நேரம் வாய்த்தவருடையது. ‘கோபல்ல கிராம’த்தில் நாவலின் நடுக்கூடம் கோட்டையார் வீடு. காட்டைத் தீயிட்டு நிலமாக்கியது அந்தக் குடியின் நினைவில் வீரகதையாகத் திரண்டிருக்கிறது. அந்த நிலத்தில் பின்னால் கூலிக்கு இறங்கியவர்களுக்கு அப்படி ஒரு நினைவு இல்லை. அவர்கள் வாழ்க்கை “செய்வார்கள்” என்ற வினைமுற்றில் அடங்கிவிடுகிறது. மறுத்தவன் ஒருவன் இருந்திருப்பானே, அவன் எந்த நாளில் மறுத்தான்? வழக்கத்தைச் சொல்லும் வினையால் மறுப்பைச் சொல்ல முடியாது. மறுப்பு ஒரு நாளில், ஒருவர் வாயிலிருந்து வருவது.

பூமணி இதை உணர்ந்தவர். ‘பிறகு’ நாவலின் அழகிரிக்குச் சுதந்திரம் ஒரு தேதி. அதற்குப் பிறகு என்ன வந்தது என்று ஒவ்வொரு பக்கமும் எண்ணிக்கொண்டே போகிறது. ‘வெக்கை’யில் சிதம்பரம் அரிவாளை வீசியபின் நாட்கள் ஒன்றன்பின் ஒன்றாக நெருக்குகின்றன, முடிவில் நிற்பது நீதிமன்றம். ‘அஞ்ஞாடி’ 1899 சிவகாசிக் கலவரத்தைக் கலவரமாகவே எடுத்துக்கொண்டது. மூன்றிலும் பேச்சு கரிசல் பேச்சுதான். வட்டார மொழியில் எழுதினால் காலம் கரைந்தே தீரும் என்பது பொய் என்பதற்கு வேறு சாட்சி தேவையில்லை.

கோணங்கியின் ‘பாழி’, ‘பிதிரா’வைப் பற்றி அதிகம் சொல்ல வேண்டியதில்லை. அங்கே காலத்தோடு சேர்ந்து மனிதர்களும் கரைந்துவிட்டார்கள். என்னை வருத்துவது ‘சூல்’. நிலமற்றவர்களின் அவமானத்தைக் ‘கூகை’யில் அவ்வளவு கூர்மையாக எழுதிய சோ. தர்மன், உருளைக்குடிக் கண்மாய்க்கு வரும்போது அந்தப் பழைய நடைக்குள் போய்விடுகிறார். ஜமீன் காலத்துக் கண்மாய் வழக்கமாக வருகிறது, சுதந்திரத்துக்குப் பிந்திய சீரழிவு நிகழ்ச்சியாக வருகிறது. வழக்கம் அழகாகவும் நிகழ்ச்சி அழிவாகவும் ஆகிவிட்டால், பழைய காலத்தில் கண்மாய்த் தண்ணீர் யார் வயலுக்கு முதலில் போயிற்று என்று கேட்கத் தோன்றுமா? கூலிக்காரரின் வேதனையை அறிந்த எழுத்தாளரையே இந்த நடை இப்படித் திருப்பிவிடுகிறது என்றால், அதை வெறும் அலங்காரம் என்று விட்டுவிட முடியாது.

கி.ரா.வுக்கே இது தெரிந்திருந்தது என்றுதான் நினைக்கிறேன். ‘கதவு’ சிறுகதையை எடுத்துக்கொள்ளுங்கள். பிள்ளைகள் கதவில் ஏறி பஸ் விளையாடுவதை எல்லோரும் சிலாகிக்கிறார்கள். அந்தக் கதையில் தகப்பன் மணிமுத்தாறு அணை வேலைக்குப் போயிருக்கிறான், தகவல் இல்லை. தீர்வை பாக்கி நிற்கிறது. அணை கட்டியது 1950களில். எந்த அரசாங்கம், எந்தப் பஞ்சம், யாருடைய பாக்கி என்று எல்லாமே அந்தச் சில பக்கங்களுக்குள் இருக்கிறது. ஒருநாள் வந்து கதவைக் கழற்றிக்கொண்டு போகிறார்கள். “கழற்றிக்கொண்டு போவார்கள்” என்று அவர் எழுதவில்லை. இன்று கி.ரா. வழியில் எழுதுவதாகச் சொல்லிக்கொள்கிற இளைஞர்கள் அந்தக் கிழவியை விட்டுவிட்டு இந்தக் கதவிலிருந்து தொடங்கியிருக்க வேண்டும்.