கோல்ஹாசெ எழுதினால் போதும், நான் பார்ப்பேன்

நடிகருக்காகப் படம் பார்ப்பவர்கள் உண்டு, இயக்குநருக்காகப் பார்ப்பவர்கள் உண்டு. நான் வொல்ஃப்காங் கோல்ஹாசெ எழுதியிருக்கிறார் என்றால் கண்ணை மூடிக்கொண்டு உட்கார்ந்துவிடுவேன்.

பித்துப் பிடித்தது ‘சோலோ சன்னி’யில் (1980). கிழக்கு ஜெர்மனியில் ஊர் ஊராகப் போய்ப் பாடும் ஒருத்தியின் கதை. இரவு தங்கியவனிடம் காலையில் சாப்பாடு கிடையாது என்கிறாள். அவன் ஏதோ சொல்ல வர, விவாதமும் கிடையாது என்று வெட்டிவிடுகிறாள். அவளுடைய வைராக்கியம், தனிமை எல்லாம் அதிலேயே வந்துவிடுகிறது! சன்னியாக வாழ்ந்த ரெனாட்டே க்ரோஸ்னருக்கு பெர்லின் விழாவில் வெள்ளிக் கரடி. கொன்ராட் வொல்ஃபுடன் சேர்ந்து படத்தை இயக்கியதும் கோல்ஹாசெதான்.

1931இல் பெர்லினில் பிறந்தவர். கிழக்கு ஜெர்மனியின் டெஃபா ஸ்டுடியோவுக்காக, தன் இருபதுகளிலேயே இயக்குநர் கெர்ஹார்ட் கிளைனுடன் கூட்டணி. தெருமுனையில் சுற்றும் விடலைகளைப் பற்றி 1957இல் உயிர்த்துடிப்போடு எழுதிய அதே மனிதர், ‘கிளைவிட்ஸ் வழக்கு’க்கு (1961) இன்னொருவருடன் சேர்ந்து எழுதும்போது பனிக்கட்டியாக மாறிவிடுகிறார். போருக்குச் சாக்காக நாஜிகள் ஜோடித்த வானொலி நிலையத் தாக்குதல். படத்தில் ஒரு சொட்டுக் கண்ணீர் இல்லை, எனக்கோ உடம்பெல்லாம் சில்லிட்டது. பின்னர் அவரும் கிளைனும் எடுத்த பெர்லின் படத்தை, 1965இல் கலைகள் மீது பாய்ந்த கெடுபிடியில் அரசு முடக்கியது. பேனா மட்டும் ஓயவில்லை.

‘எனக்கு வயது பத்தொன்பது’ (1968) பற்றிச் சொல்லாமல் இருக்க முடியாது. அதை இயக்கிய கொன்ராட் வொல்ஃபின் சொந்த அனுபவம். செஞ்சேனைச் சீருடையில் தாய்நாட்டுக்குத் திரும்பும் ஜெர்மன் பையன், சரணடையுங்கள் என்று ஒலிபெருக்கியில் தன் மக்களையே அழைக்கிறான். ஆற்றில் ஒரு தெப்பம் மிதந்து வருகிறது, அதில் தூக்கிலிட்ட ஒரு சிப்பாயின் உடல். யாரும் விளக்கம் சொல்வதில்லை. சொல்லாமல் விடத் தெரிந்த எழுத்தாளர் என்றால் இவர்தான்!

பெர்லின் சுவர் விழுந்தது, நாடே மறைந்தது, டெஃபாவும் போனது. இவர் அசரவில்லை. இயக்குநர் ஷ்லோண்டார்ஃபுக்கு எழுதினார். பிறகு ஆந்த்ரேயாஸ் டிரேசனுக்காக ‘பால்கனிக்கு முன் கோடை’ (2005). முதியோரைக் குளிப்பாட்டிப் பராமரிக்கும் ஒருத்தி, வேலையில்லாத அவள் தோழி, இரவில் பால்கனியில் மது, அரட்டை. எழுபதைத் தாண்டியவர் எழுதியது என்று சத்தியம் செய்தாலும் நம்ப மாட்டீர்கள். பேச்சு அத்தனை இளமை. 2010இல் பெர்லின் விழா கௌரவத் தங்கக் கரடி கொடுத்தது. கொடுக்காவிட்டால்தான் ஆச்சரியம்.

2022இல் மறைந்தார். அதற்கு இரண்டு வருடம் முன்புதான் அவருடைய சிறுகதையிலிருந்து ‘பாரசீகப் பாடங்கள்’ படமாக வந்தது: நாஜி முகாமில் உயிர் பிழைக்க, தெரியாத பாரசீகத்தைத் தானே இட்டுக்கட்டி அதிகாரிக்குக் கற்றுக்கொடுக்கும் யூதன். இதுவரை கோல்ஹாசெ பக்கமே போகாதவர்கள் இதிலிருந்து தொடங்குங்கள், உடனே பால்கனிக்கு வாருங்கள். அதன்பின் நான் சிபாரிசு செய்ய வேண்டியிருக்காது.